பெட்டிக்குள் வைத்த பொட்டு

அத்தை,

நடந்ததை நடந்தபடியே எழுதப் போகிறேன். கூட்டவும் மாட்டேன், குறைக்கவும் மாட்டேன். எனக்குச் சங்கடமான இடங்களைத் தாண்டிக் குதிக்கவும் மாட்டேன். "தப்பா டைப் அடிச்சா, அடிச்சேன்னு சொல்லு. வெள்ளை மை பூசினா வெளிச்சத்துல தூக்கிப் பிடிச்சதும் தெரிஞ்சுடும்" என்று நீ சொல்வாயே, அதை நினைத்துக்கொண்டுதான் பேனாவை எடுத்திருக்கிறேன்.

என் விரல்களில் எலுமிச்சை வாசனை இருக்கிறது. மூன்று தடவை சோப்புப் போட்டுக் கழுவிவிட்டேன், நகக்கண்ணிலிருந்து போகவில்லை. அம்மா ஊறுகாய் போடவில்லை. நான் சாதம் கலக்கவும் இல்லை. உன் மெஷினைக் கழுவிய வாசனை இது. நீ இருந்திருந்தால் இந்த ஒரு வாக்கியத்துக்கே நாற்காலியை விட்டு எழுந்திருப்பாய். உட்கார். முதலிலிருந்து சொல்கிறேன்.

லஸ் பக்கம் ஒரு டைப்பிங் சென்டரில் இருபது வருடம் மற்றவர்களின் கையெழுத்தைப் படித்துப் படித்துக் கண்ணாடியின் கனம் கூடிய பிறகு, ஏதோ ஒரு கம்பெனி கழித்துப்போட்ட கம்ப்யூட்டரை நீ வாங்கி வந்தாய். மந்தைவெளி வீட்டின் முன் அறையில், தெருவைப் பார்த்த ஜன்னலுக்குக் கீழே அதை வைத்தாய். அப்போது நான் ஆறாம் வகுப்பு முடிக்கப் போகும் சமயம். கம்ப்யூட்டர் என்று நீ அதை ஒரு நாளும் சொன்னதில்லை. மெஷின்தான். பழைய டைப்ரைட்டரும் உனக்கு மெஷின்தான் என்பதால், "பெரிய மெஷின்", "சின்ன மெஷின்" என்று வீட்டில் பெயர் நிலைத்தது. பெரிய மெஷினுக்கு உன் கடுகு நிறப் பட்டுப் புடவையைக் கிழித்து உறை தைத்தாய். அந்த அறைக்குள் செருப்போடு வந்தவர் யாரும் இரண்டாம் தடவை அப்படி வந்ததில்லை.

எங்கள் தெருவில் மாலையானால் வோல்டேஜ் இறங்கிவிடும். டியூப் லைட் துடிக்கும். உன் திரை ஓரங்களில் சுருங்கும். அதனால் நீ ஒரு வழக்கம் வைத்திருந்தாய். "லைட்டை அணைங்க, மெஷினைப் போடறேன்" என்று குரல் வரும். முன் அறையில், கூடத்தில், சமையலறையில் சுவிட்சுகள் டக் டக்கென்று விழும். அம்மா தோசைக்கல்லின் முன்னால் கரண்டியோடு இருட்டில் நிற்பாள். நான் படித்துக்கொண்டிருந்த வரியில் விரலை வைத்தபடி காத்திருப்பேன். அப்பா வீட்டில் இருந்தால், "தியேட்டர்லதான் இருட்டுல வேலைன்னா வீட்லயுமா?" என்பார். அவர் சினிமா தியேட்டர் ஆபரேட்டர் என்பதால் அந்தக் கேலிக்கு அவருக்கு மட்டும் உரிமை உண்டு. பெட்டி ஒரு தடவை 'பீப்' என்று கூவும். வெள்ளை எழுத்துகள் ஓடி நிற்கும். "ம், போடலாம்" என்பாய். வெளிச்சம் திரும்பி வரும்.

மெஷினைத் தொட எனக்கு அனுமதி இருந்தது, நீ பக்கத்தில் இருந்தால். திறக்க யாருக்கும் அனுமதி இல்லை. "மூடி இருக்கிறது மூடி வைக்கத்தான். உள்ளே கையை விட்டே, அவ்ளோதான்." எவ்வளவுதான் என்று நான் கேட்டதில்லை.

இனி ஆயுத பூஜை.

ஒவ்வொரு வருடமும் அன்றைக்கு நீ முன் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு இரண்டு மெஷின்களையும் துடைப்பாய். "தூசி பறக்கும், வெளியில இரு." கதவைத் திறந்ததும் நாங்கள் போய்ச் சந்தனமும் குங்குமமும் வைப்போம். சின்ன மெஷினுக்கு அதன் உருளையில் பொட்டு. பெரிய மெஷினுக்குப் பெட்டியின் முகத்தில் பொட்டு. வாசலில் எலுமிச்சம்பழத்தை நறுக்கிக் குங்குமம் தடவி இரண்டு பக்கமும் வைப்பார் அப்பா. அதோடு மறுநாள் காலை வரை எந்தக் கருவியையும் யாரும் தொடக்கூடாது, என் புத்தகங்கள் உட்பட.

போன ஆயுத பூஜையின்போது, மூன்று மாதம் முன்னால், நான் பிளஸ் ஒன் சேர்ந்திருந்தேன். கம்ப்யூட்டர் பாடப் புத்தகத்தில் முதல் அத்தியாயத்திலேயே மதர்போர்டின் படம் இருந்தது. வெளியே தெரிகிற பெட்டி வெறும் தகரம். கணக்கெல்லாம் நடப்பது உள்ளே இருக்கிற பச்சைப் பலகையில்தான் என்று படித்தேன். அன்று மத்தியானம் நீ சமையலறையில் சுண்டலுக்குத் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாய். எனக்கு ஒரு யோசனை வந்தது. பெட்டிக்குப் பொட்டு வைப்பது, ஆளுக்கு வைக்காமல் ஆளின் சட்டைக்கு வைப்பது போல அல்லவா? நான் படித்தவள். சரியான இடத்தில் வைக்க வேண்டாமா?

மூடியில் திருகாணி பின்பக்கம் ஒன்றுதான் இருந்தது. அதையும் பாதிதான் முடுக்கியிருந்தாய். ஏன் என்று அப்போது யோசிக்கவில்லை. திருகாணியைக் கழற்றி மூடியை இழுத்துக் கட்டிலில் கவிழ்த்து வைத்தேன். நடுவில் இருந்த பெரிய கறுப்புச் சில்லுக்கு மோதிர விரலால் சந்தனம் வைத்து, அதன் மேல் குங்குமம் வைத்தேன். கண்ணை மூடிக் கும்பிட்டேன். எல்லாம் இரண்டு நிமிடம்கூட இல்லை. மூடியைத் தள்ளி, உறையைப் போட்டுவிட்டு, உன்னிடம் வந்து சுண்டல் கேட்டேன்.

விஜயதசமி காலையில் நீ குளித்து, புது வேலை தொடங்க உட்கார்ந்தாய். "லைட்டை அணைங்க" என்றாய். அணைத்தோம். காற்றாடி சுற்றும் சத்தம் கேட்டது. பீப் வரவில்லை. திரை கறுப்பாகவே இருந்தது. நீ அணைத்துப் போட்டாய். மறுபடி அணைத்துப் போட்டாய். இருட்டில் நின்ற அம்மா, "என்னாச்சு?" என்றாள். நீ என் முகத்தைப் பார்த்தாய். ஜன்னல் வெளிச்சத்தில் என் முகம் எப்படித் தெரிந்ததோ. "போய்ப் படி" என்றாய்.

அன்றைக்கு மத்தியானம் நீ படுத்திருந்த நேரத்தில் நான் மறுபடி மூடியைத் திறந்து, ஈரப் பஞ்சால் அந்தப் பொட்டைத் துடைத்து எடுத்தேன். இதையும் எழுதியாக வேண்டும். வெள்ளை மை பூசியது அப்போதுதான்.

இரண்டு நாள் கழித்துச் சர்வீஸ்காரர் வந்தார். மூடியைக் கழற்றிச் சுவரில் சாய்த்தார். சுவிட்சை இரண்டு தடவை போட்டார். "மதர்போர்டு டெட் மேடம். இந்த மாடலுக்கெல்லாம் இனிமே போர்டு தேடக்கூடாது. புதுசா ஒண்ணு பாருங்க" என்றார். காபியைக் குடித்துவிட்டுப் போனார். நீ மூடியை வாங்கி நீயே போட்டு, உறையை மாட்டினாய்.

அதற்குள் நூர்ஜஹான் அக்காவின் ஆய்வேடு நான்கு அத்தியாயம் முடிந்திருந்தது. திருவல்லிக்கேணியிலிருந்து வாரத்துக்கு இரண்டு நாள் வந்து உன் பக்கத்தில் உட்கார்ந்து, திருத்தத் திருத்த அடிக்க வைத்தவள் அவள். தோல் பதனிடும் ஊர்களைப் பற்றிய ஆய்வு. சில நாள் நீ மூக்கைப் பொத்திக்கொண்டு அடிப்பது போல நடிப்பாய். அவள் சிரித்துக்கொண்டே, "வாசனை இங்கயே வருதா மேடம்? அப்ப நான் நல்லாத்தான் எழுதியிருக்கேன்" என்பாள். ஒரு அத்தியாயத்தைக்கூடப் பிளாப்பியில் நகல் எடுத்திருக்கவில்லை. திருத்தங்கள் எல்லாம் மெஷினுக்குள்தான்.

"பரவாயில்ல மேடம், மெதுவா பாக்கலாம்" என்றுதான் அவள் சொன்னாள். நீ கேட்கவில்லை. சின்ன மெஷினை மேசைக்கு இழுத்தாய். பழைய கையெழுத்துப் பிரதியை வைத்துக்கொண்டு முதல் பக்கத்திலிருந்து மறுபடி அடிக்கத் தொடங்கினாய். டைப்ரைட்டரின் சாவிகளுக்குக் கனம் அதிகம். சாயங்காலம் உன் மணிக்கட்டில் தைலம் தேய்ப்பது என் வேலையாயிற்று. ஒவ்வொரு நாளும் தேய்க்கும்போது, இன்றைக்குச் சொல்லிவிடலாம் என்று நினைப்பேன். "அழுத்தித் தேய்டி, புஸ்தகத்தைத் தடவற மாதிரி தடவறே" என்பாய். சொல்ல மாட்டேன்.

கார்த்திகையில், இரண்டாம் அத்தியாயத்தின் நடுவில், ஒரு காலை நீ எழுந்திருக்கவில்லை. இதயம் என்றார் டாக்டர். தாள் மெஷினில் செருகியபடி இருந்தது. பாதி வரி. அதை நான்தான் உருவி எடுத்தேன்.

ஆஸ்பத்திரியில் யாரும் மணிக்கட்டைப் பற்றிப் பேசவில்லை. கம்ப்யூட்டரைப் பற்றியும் பேசவில்லை. ஆனால் எனக்குள் ஒரே கணக்கு ஓடியது. நான் பொட்டு வைத்தேன், மெஷின் செத்தது, அதனால் அத்தை மறுபடி அடித்தாள், அதனால். இந்த 'அதனால்'களைத் தாண்டி என்னால் எந்தப் புத்தகத்திலும் ஒரு பக்கம்கூடப் படிக்க முடியவில்லை.

தை பிறந்ததும் நூர்ஜஹான் அக்கா வந்தாள். உன் படத்தின் முன் கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு அப்பாவிடம், மாசிக்குள் ஆய்வேட்டைக் கொடுத்தாக வேண்டும், கையெழுத்துப் பிரதியை வேறு இடத்தில் கொடுத்து அடித்துக்கொள்கிறேன், திருத்தங்களை மறுபடி யோசித்துப் போட்டுக்கொள்கிறேன் என்றாள். பிரதியைக் கேட்டு வாங்குவதற்கே அவளுக்குக் கூச்சம். நான் குறுக்கே போய், "ரெண்டு வாரம் டைம் குடுங்கக்கா. மெஷினை நான் பாக்கறேன்" என்றேன். அப்பா என்னைப் பார்த்தார். நான் அவளுக்காகத்தான் அப்படிச் சொன்னேன் என்று அவர் நினைத்தார். உண்மை அதில் பாதி. எது மெஷினைக் கொன்றது என்று எனக்குத் தெரிய வேண்டும். நான்தான் என்று தெரிந்தாலும் சரி.

சனிக்கிழமை காலை உறையை எடுத்தேன். அப்பா தன் மல்டிமீட்டரையும் சால்டரிங் அயர்னையும் ஒரு பூதக்கண்ணாடியையும் கொண்டுவந்து வைத்தார். தியேட்டர் ஆம்பிளிஃபயருக்கு அவர் பயன்படுத்துபவை. "எனக்கு சவுண்டு பாக்ஸ்தான் தெரியும். இது உன் சப்ஜெக்ட்டு. நான் லைட் அடிக்கிறேன்" என்று டார்ச்சோடு பக்கத்தில் உட்கார்ந்தார்.

மூடியைக் கழற்றித் தரையில் வைத்தேன். கழற்றுவதற்கு முன்னால் ஒவ்வொரு வயரையும் நோட்டில் படம் வரைந்துகொண்டேன். காற்றாடி சுற்றுகிறது, ஆகவே கரண்டு வருகிறது. மீட்டரில் ஐந்து வோல்ட் இருந்தது, பன்னிரண்டு வோல்ட் இருந்தது. ஆகவே பவர் சப்ளை நன்றாக இருக்கிறது. செருகியிருந்த அட்டைகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டுப் போட்டுப் பார்த்தேன். பீப் இல்லை. மீதி இருந்தது பச்சைப் பலகை மட்டும். சர்வீஸ்காரர் சொன்னது பொய்யில்லை என்று ஆயிற்று.

பலகையையே கழற்றி ஜன்னல் பக்கம் கொண்டுபோனேன். பூதக்கண்ணாடியில் முதலில் பார்த்தது அந்தக் கறுப்புச் சில்லைத்தான். அதன் கால்கள் எல்லாம் பளபளவென்று இருந்தன. ஒரு ஓரத்தில் ஊசிமுனை அளவுக்குச் சிவப்பு ஒட்டியிருந்தது. அது என் குங்குமம். அதைச் சுற்றி எதுவும் கெடவில்லை.

அப்பா டார்ச்சை நகர்த்தினார். "அது இன்னா, பாசி புடிச்ச மாதிரி?"

பலகையின் மறு மூலையில், எப்போதும் வயர்க் கற்றையின் அடியில் மறைந்திருக்கும் இடத்தில், சின்னப் பீப்பாய் போல ஒரு நீல பேட்டரி இருந்தது. அணைத்திருக்கும்போதும் தேதியையும் மணியையும் மெஷின் மறக்காமல் இருக்க வைத்தது. அதன் அடியிலிருந்து நீலமும் பச்சையுமாகப் பொருக்குக் கசிந்து, கீபோர்டு சொருகும் இடம் வரை படர்ந்திருந்தது. ஆனால் நான் உடனே சந்தோஷப்படவில்லை, அத்தை. ஈரப் பஞ்சால் துடைத்தவள் நான். சந்தனத் தண்ணீர்தான் ஓடிப்போய் அங்கே இப்படி ஆயிற்றோ?

அப்போதுதான் கெமிஸ்ட்ரி லேபில் செய்தது ஞாபகம் வந்தது. மஞ்சள் தடவிய தாள் காரம் பட்டால் சிவக்கும். பேட்டரிக்குள் இருப்பது காரம். சமையலறைக்குப் போய் மஞ்சள் பொடியைத் தண்ணீரில் கரைத்து, நோட்டிலிருந்து கிழித்த தாளில் தடவிக் காய வைத்தேன். முதல் துண்டில் சந்தனத்தைக் குழைத்து வைத்தேன். மஞ்சள் அப்படியே இருந்தது. அடுத்த துண்டை நனைத்து அந்தப் பச்சைப் பொருக்கின் மேல் அழுத்தினேன்.

சிவந்தது. நாம் குங்குமம் என்று வாங்குகிற அதே சிவப்பு.

பூதக்கண்ணாடியில் அந்தத் தடத்தை மறுபடி பின்தொடர்ந்தேன். அது தொடங்கிய இடம் பேட்டரியின் கால். என் சில்லு இருந்த பக்கமே அது வரவில்லை. நான் பஞ்சால் துடைத்ததும் மெஷின் நின்றுபோன பிறகுதானே? இத்தனை நாளும் இந்த எளிய வரிசைகூட எனக்குத் தோன்றவில்லை. தாளைக் கையில் வைத்துக்கொண்டு அழ ஆரம்பித்தேன். அப்பா டார்ச்சை அணைத்துவிட்டு, "இன்னாடா, ஷாக் அடிச்சுதா?" என்றார். எல்லாவற்றையும் சொன்னேன். பொட்டு, பஞ்சு, தைலம், அந்த 'அதனால்'கள்.

அவர் டார்ச்சைத் தரையில் வைத்தார். பிறகு, "மூணு மாசமா இதையா வயித்துக்குள்ள வச்சுக்கினு இருந்தே? லூசு. உங்க அத்தைக்கு அஞ்சு வருஷமா பிரஷர். மாத்திரையை முந்தானைல முடிஞ்சுக்குவா, முழுங்க மாட்டா. நீ பொட்டு வச்சு அவளுக்கு ஒண்ணும் ஆவல" என்றார். மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "சரி, பாசியை இன்னா பண்றது?" என்றார்.

மத்தியானம் பலகையை உன் பட்டு உறையில் சுற்றி எடுத்துக்கொண்டு, எலெக்ட்ரானிக்ஸ் சாமான் கடைகள் இருக்கும் ரிச்சி தெருவுக்குப் போனோம். புது பேட்டரி தேவை, பழைய வகை இப்போது கிடைக்காது. ஒரு சந்துக் கடையில் கண்ணாடியை நெற்றியில் தூக்கிவிட்டுக்கொண்டு ஒரு பாய் உட்கார்ந்திருந்தார். உறையை விரித்ததும் பட்டைத் தொட்டுப் பார்த்தார்.

"இன்னா பாப்பா, போர்டுக்குப் பட்டுத்துணியா? நம்ம கடையில நியூஸ் பேப்பர்தான்."

"எங்க அத்தை தெச்சது."

"அவங்களையும் இட்டாந்திருக்கலாம்ல."

அப்பா சொன்னார். பாய் நெற்றியிலிருந்த கண்ணாடியைக் கீழே இறக்கிக்கொண்டு, பலகையை அதே பட்டின் மேல் வைத்தபடியே பார்த்தார். "பேட்டரி வாந்தி எடுத்து வச்சிருக்கு. இது நேத்து வந்ததில்ல. ஒரு வருஷமா அரிச்சுக்கினு கீது. இதைப் புடுங்கிடு. எலுமிச்சம்பழம் தேச்சுப் பித்தளைப் பாத்திரம் மாதிரி வெளக்கு. அப்புறம் ஸ்பிரிட்டு. நல்லா காயணும். லைன் எங்கனா அறுந்திருந்தா மெல்லிசா ஒயர் இழு." பென்சில் செல் நான்கு போடுகிற ஒரு பிளாஸ்டிக் டப்பாவை எடுத்து, பலகையில் அதைச் சொருகும் ஊசிகளைக் காட்டினார். "ஒண்ணு மட்டும் மறந்துடாத. கரண்டு குடுக்கிற ரெண்டு சொருகுலயும் கறுப்பு ஒயரும் கறுப்பு ஒயரும் ஒட்டிக்கினு நிக்கணும். மாத்திப் போட்டியோ, அப்பத்தான் நெசமாவே சாவும்."

ஒரு வருடமாக. அந்த இரண்டு சொற்களைப் பஸ்ஸில் வழி முழுக்கச் சொல்லிக்கொண்டே வந்தேன்.

அம்மா எலுமிச்சம்பழம் இரண்டு கொடுத்தாள். "ஆயுத பூஜைக்கு நறுக்கினது போதாதுன்னு இப்பயுமா?" என்றாள். பேட்டரியின் கால்களை அப்பாவின் கட்டிங் பிளேயரால் வெட்டி எடுத்தேன். சாற்றைச் சொட்டுச் சொட்டாக விட்டதும் பொருக்கு நுரைத்தது. பழைய டூத் பிரஷ்ஷால் தேய்த்தேன். நீலம் கரைந்து, அடியிலிருந்து செம்புக் கோடுகள் ஒவ்வொன்றாகத் தெரிய வந்தன. ஸ்பிரிட் ஊற்றித் துடைத்து, இன்று காலை மொட்டைமாடியில் கொசுவலைக்குள் வைத்துக் காய வைத்தேன். அம்மா பக்கத்திலேயே துணி மடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கேட்டால், காக்கா தூக்கிப்போய்விடும் என்றாள்.

மத்தியானம் மீட்டரை வைத்துக் கோடு கோடாகச் சோதித்தேன். ஒரு முனையில் ஒரு ஊசி, மறு முனையில் ஒரு ஊசி. தொடர்பு இருந்தால் மீட்டர் கூவும். பதினோரு கோடுகள் கூவின. பன்னிரண்டாவது கூவவில்லை. கீபோர்டு சொருகுக்குப் பக்கத்தில் காரம் அதைத் தின்றிருந்தது. ஸ்பீக்கர் வயரிலிருந்து ஒரே ஒரு இழையைப் பிரித்து எடுத்தேன். அப்பா பூதக்கண்ணாடியைப் பிடித்தார். நான் மூச்சைப் பிடித்தேன். முதல் தடவை ஈயம் பக்கத்துக் கோட்டிலும் வழிந்துவிட்டது. சுரண்டி எடுத்து மறுபடி வைத்தேன். மீட்டர் கூவியது.

எல்லாவற்றையும் நோட்டுப் படத்தின்படி திரும்ப மாட்டி, பாய் கொடுத்த செல் டப்பாவையும் சொருகினேன். கறுப்பும் கறுப்பும் பக்கத்தில் பக்கத்தில். சுவிட்சைப் போட்டேன். காற்றாடி சுற்றியது. பீப் இல்லை.

அப்பா தண்ணீர் குடிக்கப் போனார். நான் தரையில் உட்கார்ந்து நோட்டைப் புரட்டினேன். கழற்றிய வரிசையில், நினைவகத் துண்டுகளை எடுத்தேன் என்று எழுதியிருந்தது. திரும்பச் செருகினேன் என்பதும் உண்மைதான். ஆனால் அவை ஐந்து வருடமாக அதே இடத்தில் இருந்து, விளிம்பில் மங்கியிருந்தன. உன் மேசை டிராயரில் டைப்ரைட்டர் ரப்பர் இருந்தது, ஒரு முனையில் துகள் தட்டும் குச்சமும் மறு முனையில் சொரசொரப்புமாக. சொரசொரப்பு வேண்டாம் என்று என் பள்ளிக்கூட ரப்பரால் ஒவ்வொரு விளிம்பையும் தேய்த்து, உன் குச்சத்தால் துகளைத் தட்டினேன். அழுத்திச் செருகினேன். க்ளிக் என்றது. முன்னால் அந்தச் சத்தம் வரவே இல்லை என்று அப்போதுதான் உறைத்தது.

சுவிட்ச்.

பீப்.

சமையலறையிலிருந்து அம்மா ஓடி வந்தாள். அப்பா டம்ளரோடு வாசல்படியில் நின்றார். திரையில் வெள்ளை எழுத்துகள் ஓடின, உன்னிடம் ஓடுவது போலவே. ஆனால் பாதியில் நின்றுவிட்டன. பேட்டரியைப் பிடுங்கியதில் மெஷின் தேதி, மணி எல்லாவற்றையும் மறந்திருந்தது. எல்லாவற்றையும் சேமித்து வைக்கிற வட்டு, அதாவது ஹார்ட் டிஸ்க், எது, அதில் எத்தனை உருளை, எத்தனை தலை என்பதும் மறந்துவிட்டது. அந்த எண்களை நான் அடித்துக் கொடுத்தால்தான் மேலே போகும். வட்டின் மேலிருந்த தாள் மங்கி வெறுமையாக இருந்தது. டிராயரில் தேடினேன். உன் டைரியில் தேடினேன். எண்கள் இல்லை.

"மூடியில எதுனா ஒட்டியிருப்பா. மிக்ஸிக்கே கேரண்டி சீட்டை அடியில ஒட்டுறவ அவ" என்றாள் அம்மா.

மூடியைத் தூக்கித் திருப்பினேன். நான் இரண்டு தடவை கவிழ்த்து வைத்த, சர்வீஸ்காரர் சுவரில் சாய்த்த, நேற்றும் நான் பார்க்காத உள்பக்கம். மேல் மூலையில் ஒரு சீட்டு, சின்ன மெஷினில் அடித்து ஒட்டியது. எண்கள் வரிசையாக. ஒரு பிழை இல்லை.

சீட்டுக்குக் கீழே, தகரத்தில், ஒன்றன் கீழ் ஒன்றாகச் சந்தனம் காய்ந்து வெடித்த பொட்டுகள். ஒவ்வொன்றின் நடுவிலும் குங்குமம். மேலே இருந்தது பழுப்பாகிவிட்டது. கடைசியில் இருந்தது இன்னும் சிவப்பாக இருந்தது. எண்ணினேன். ஐந்து. மெஷின் வந்து ஐந்து ஆயுத பூஜை.

கதவைச் சாத்திக்கொண்டு நீ துடைத்தது தூசியை மட்டும் இல்லை. பாதி முடுக்கிய திருகாணியின் காரணமும் புரிந்தது. பெட்டிக்கு வைத்தால் போதாது, உள்ளே வைக்க வேண்டும் என்று உனக்கும்தான் தோன்றியிருக்கிறது. சில்லின் மேல் வைக்காமல் தகரத்தில் வைக்கத் தெரிந்தது உனக்கு, எனக்குத் தெரியவில்லை. வித்தியாசம் அவ்வளவுதான். நான் சிரித்த சிரிப்பில் அப்பா பயந்துவிட்டார். பிறகு அவரும் பார்த்தார். "கள்ளி. நம்மள மட்டும் தொடாதேன்னா" என்றார்.

ஐந்தாவது பொட்டை நீ அன்றைக்குக் காலையில் வைத்தாயா, நான் வைத்த பிறகு மாலையில் வைத்தாயா? மாலையில் என்றால், சில்லின் மேல் என் பொட்டைப் பார்த்திருப்பாய். பார்த்துவிட்டு அப்படியே விட்டிருப்பாய். அன்றைக்குக் கதவு எப்போது சாத்தியிருந்தது என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை. உண்மையாக எழுதுவதாகச் சொன்னதால், தெரியாது என்றே எழுதுகிறேன்.

எண்களை அடித்தேன். வட்டு முனகியது. நூர்ஜஹான் அக்காவின் நான்கு அத்தியாயங்களும் வரிசையாக நின்றன. உடனே பிளாப்பியில் நகல் எடுத்தேன். இரண்டு நகல். தெருமுனை பூத்திலிருந்து அவளுக்குப் போன் செய்து, முதலில் பொட்டு விஷயத்தைச் சொல்லிவிட்டுத்தான் நல்ல செய்தியைச் சொன்னேன். அவள் கொஞ்சம் கேட்டுவிட்டு, "பொட்டு வச்சா கம்ப்யூட்டர் சாவுமா? எங்க வீட்டு டிவிக்கு எங்கம்மா வாரா வாரம் ஓதி ஊதுவாங்க. அது இன்னும் ஓடுது" என்றாள். அப்புறம் இருமல் வந்தது போல் நிறுத்திவிட்டு, "மேடம் அடிச்ச பக்கங்களையும் எடுத்து வை. அதை நான் வச்சுக்கறேன்" என்றாள். நாளைக் காலை வருகிறாள். ஐந்தாம் அத்தியாயத்தை அவள் சொல்லச் சொல்ல நான் அடிக்கப் போகிறேன். என் வேகம் உன்னுடையதில் கால் பங்கு. அவளுக்குச் சொல்லியிருக்கிறேன்.

அத்தை, இந்த 'அதனால்' இனி என்னோடு இல்லை. இறக்கி வைத்துவிட்டேன். வைத்துக்கொண்டிருப்பது வேறு: பார்க்காமலே நான் சொல்லிவிடும் அந்த மூடி எண்கள், தப்பாக அடித்தால் அடித்தேன் என்று அன்றைக்கே சொல்லிவிடுவது, அடுத்த ஆயுத பூஜைக்கு ஆறாவது பொட்டை எந்த இடத்தில் வைக்க வேண்டும் என்பது.

மணி ஆறரை ஆகிறது. டியூப் லைட் துடிக்கத் தொடங்கிவிட்டது. நான்காம் அத்தியாயத்தை ஒரு தடவை படித்துப் பிழை பார்த்துவிட்டால் நாளைக்கு வேலை எளிதாகும். இப்போதுதான் குரல் கொடுத்தேன். என் குரல் எனக்கே உன்னுடையது போலக் கேட்டது. அம்மா ஏன் எதற்கு என்று கேட்கவில்லை. சமையலறையில் ஒரு சுவிட்ச் விழுந்தது. கூடத்தில் அப்பா ஒன்றை அணைத்தார். இந்த அறையில் இருப்பதை, இந்த வரியை முடித்ததும், நான் எழுந்து அணைக்கப் போகிறேன்.